அணையின் அடிக்கணக்கு போதாது, குளக்கரையை அளப்போம்

தாமிரபரணிப் பாசனக் குளங்கள் உள்ள ஊராட்சித் தலைவர்களுக்கும் பாசன விவசாயிகள் சங்கத்தாருக்கும்,

வணக்கம். வெள்ளம் என்றதும் நாம் கேட்பது மலையில் இருக்கும் பாபநாசம் அணையில் எத்தனை அடி என்பதைத்தான். 2023 டிசம்பர் 17, 18-இல் மழை மலையோடு நிற்கவில்லை. கடலோரக் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. பெய்தது. சதுர கிலோமீட்டருக்கு 95 கோடி லிட்டர்! எந்த அணையும் அந்தத் தண்ணீரைப் பிடித்து வைக்காது. அது நம் குளத்துக்குத்தான் வரும்.

தண்ணீர் கரை மேல் வழிவது முதலில் அதன் தாழ்ந்த இடத்தில். டிராக்டர் ஏறி இறங்கித் தேய்ந்த இடம் கண்ணுக்குத் தெரியாது. கொத்தனார் மட்டம் பார்க்கும் டியூப் லெவல் (தண்ணீர் நிரப்பிய பிளாஸ்டிக் குழாய்) போதும்: கலுங்கின், அதாவது குளம் நிறைந்தால் உபரி நீர் வழியும் கல்கட்டின், மேல்மட்டத்தைக் குறியாக வைத்து, இருபது மீட்டருக்கு ஒருமுறை கரை உயரத்தை அளந்து நோட்டில் எழுதுங்கள். பள்ளமான இடத்தில் மண்ணை அரையடி அரையடியாகப் பரப்பி, நனைத்து, இடித்துக் கெட்டிப்படுத்த வேண்டும். லாரி மண்ணை மொத்தமாகக் கொட்டி ஜேசிபியால் தடவிவிட்ட கரை கனமழையில் கரைந்து இறங்கிவிடும்.

கலுங்கைச் சுத்தம் செய்துவிட்டு, உபரி நீரைக் கொண்டுபோகும் மறுகால் ஓடையை மறப்பதும் நடக்கிறது. அடுத்த குளம் வரை, முக்கியமாகச் சாலைப் பாலங்களின் அடியில், சீமைக்கருவேலத்தை வெட்டுங்கள். மேல்குளம் உடைந்தால் கீழ்க்குளமும் தாங்காது. ஆகவே இரண்டு ஊரும் சேர்ந்தே திட்டமிட வேண்டும்.

கரையின் வெளிப்புறம் ஊற்றுக் கிளம்பினால் நீரின் நிறத்தைப் பாருங்கள். தெளிவாக வந்தால் காவல் போட்டுக் கண்காணித்தால் போதும். கலங்கலாக வந்தால் கரை உள்ளே அரிபடுகிறது. பதறிப்போய் ஊற்றுவாயை அடைக்காதீர்கள், வேறிடத்தில் பீறிடும். கிணற்று உறைபோல் சுற்றிலும் மணல் மூட்டை அடுக்குங்கள். உள்ளே நீர் ஏற ஏற எதிரழுத்தம் கூடி, வரும் நீர் தெளியும். தெளிந்ததும் உயர்த்துவதை நிறுத்தி, மிச்ச நீரை ஒருபக்கம் வடியவிடுங்கள். மூட்டையில் மூன்றில் இரண்டு பங்கு மணல்தான் இருக்கலாம்; முட்ட நிரப்பினால் படியாமல் சந்து விழும். மணலும் சாக்கும் முன்கூட்டியே கரையருகே மேட்டில் இருக்கட்டும். வெள்ளத்தன்று அங்கே வண்டி போகாது.

2023-இல் பல ஊர்களில் மின்சாரமும் செல்போனும் போயின. கோயில், பள்ளிவாசல், தேவாலய ஒலிபெருக்கிகளுக்கு பேட்டரி இணைப்பு கொடுங்கள். மடைச்சுவரில் சிவப்புக் கோடு போடுங்கள். நீர் அதைத் தொட்டால் யாருடைய உத்தரவுக்கும் காத்திராமல் தாழ்வான தெருக்கள் மேட்டுக்குப் போகட்டும். நடக்க முடியாதவர்களை யார் தூக்குவது என்று இப்போதே வீடுவாரியாக எழுதுங்கள்.

ஆகஸ்ட் 15 கிராம சபையில் கரை அளக்கத் தீர்மானம் போடுங்கள். அக்டோபர் 2 சபையில் அந்த நோட்டை ஊர் முன் வாசியுங்கள்.

இப்படிக்கு,
குளக்கரை வேலை தெரிந்த சிலர்