சேர்ந்த பிறகு என்ன ஆனது?

அன்புள்ள கண்ணம்மாவுக்கு,

நீயும் உன் தோழிகளும் சேர்ந்து படிக்கிற நாவல்களைப் பற்றி அன்றைக்குப் போனில் சொன்னாயே, போர் பிரித்துப்போட்ட குடும்பங்களின் கதைகள், ஆளுக்கொரு கருத்து சொல்லி கடைசியில் வாக்குவாதமே ஆகிவிட்டது என்று. ஒருத்தி எல்லாம் ஒரே அழுகை என்றாளாம், இன்னொருத்தி முப்பது வருஷம் கழித்து அண்ணனும் தங்கையும் சந்திப்பதெல்லாம் சினிமா என்றாளாம், மற்றொருத்தி அடுத்தவர் துயரத்தைச் சோபாவில் உட்கார்ந்து படிப்பதே தப்பு என்றாளாம். நீ என்ன சொன்னாய் என்று கேட்டேன், எனக்கே தெரியலம்மா என்றாய். உனக்கு அந்த நாவல் பிடித்திருந்தது, பிடித்தது என்று சொல்லத்தான் தயங்கியிருக்கிறாய், அது உன் குரலிலேயே தெரிந்தது. நீ பிறப்பதற்கு முன்பிருந்தே நான் இந்த வகை நாவல்களை விடாமல் படிக்கிறவள், எனக்கு இதில் அழுத்தமான அபிப்பிராயம் உண்டு, போனில் சொல்லி முடிகிற விஷயமில்லை, அதனால் எழுதுகிறேன்.

முதலில் அந்தச் சந்திப்பு. நடக்கவே நடக்காது என்று உன் தோழி சொல்கிறாள், ஆனால் நடந்திருக்கிறது. 1983 ஜூன் 30 அன்று தென்கொரியாவின் கேபிஎஸ் தொலைக்காட்சி ஒரு நேரலை நிகழ்ச்சியைத் தொடங்கியது, 1950இல் தொடங்கி 1953இல் நின்ற கொரியப் போரில் சிதறிப்போனவர்கள் வந்து தங்கள் ஆட்களைத் தேடலாம் என்று. ஒன்றரை மணி நேரத்தில் முடிக்க நினைத்த நிகழ்ச்சி நவம்பர் வரை, 138 நாள் ஓடியது. அட்டையில் பெயர், பிறந்த ஊர், எந்த வருஷம் எந்தச் சாலையில் கைவிட்டுப் போனோம், உடம்பில் எங்கே தழும்பு என்றெல்லாம் எழுதி நெஞ்சில் பிடித்துக்கொண்டு நின்றார்கள். தொலைக்காட்சி நிலையத்தின் சுவரெல்லாம் அந்தச் சுவரொட்டிகள்தான். 53,536 பேர் நிகழ்ச்சியில் தோன்றினார்கள், 10,189 சந்திப்புகள் நடந்தன. இதில் என்னை உலுக்குவது, சேர்ந்தவர்களில் பெரும்பாலோர் அதே தென்கொரியாவுக்குள்ளேயே, ஒருவர் இருப்பது மற்றவருக்குத் தெரியாமல் முப்பது வருஷம் வாழ்ந்திருக்கிறார்கள் என்பதுதான். இதை ஒரு நாவலாசிரியர் எழுதினால் உன் தோழி நம்ப மாட்டாள்.

ஆனால் அந்த எண்களைத் திரும்ப ஒருமுறை பார். வந்து நின்றவர்களில் ஐந்தில் நான்கு பேருக்கு யாரும் கிடைக்கவில்லை. நாவல்களோ ஏறக்குறைய எல்லாமே அந்த ஐந்தாவது ஆளைப் பற்றித்தான் எழுதப்படுகின்றன. அட்டையை மடித்து எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனவரைப் பற்றி எத்தனை நாவல் படித்திருக்கிறாய், சொல்லு. தற்செயல் அதிகம் என்று குறை சொல்வதைவிட இந்தக் குறையைச் சொல்லலாம்.

இதைவிடப் பெரிய குறை ஒன்று இருக்கிறது, அதைச் சொல்லத்தான் பேனாவையே எடுத்தேன். இந்த நாவல்கள் சந்திப்போடு முடிந்துவிடுகின்றன. ரயில் நிலையம், கட்டிப்பிடித்து அழுகை, முற்றும். நம் சங்கப் பாடல்களில் முல்லைத் திணையே இதுதானே, போருக்குப் போன தலைவன் கார்காலத்துக்குள் வந்துவிடுவேன் என்று சொல்லிவிட்டுப் போவான், மழை தொடங்கிவிடும், அவள் காத்திருப்பாள், தேர் வரும் ஓசை கேட்டதும் பாட்டு நின்றுவிடும். பாட்டுக்கு அது அழகுதான், சில வரிகளில் காத்திருப்பை மட்டும் சொல்ல வந்தது அது. ஐந்நூறு பக்கம் எழுதுகிற நாவல் ஏன் அதே இடத்தில் நிற்க வேண்டும்? தேரிலிருந்து இறங்கினவன் முன்பு போனவன்தானா, வாசலில் நின்றவள் அதே பெண்தானா என்று எழுத அதற்கு இடம் இருக்கிறதே.

உண்மையில் என்ன நடந்தது என்று பார். இரண்டாம் உலகப் போரில் பின்லாந்திலிருந்து சுமார் 70,000 குழந்தைகளைப் பெரும்பாலும் சுவீடனுக்கு அனுப்பினார்கள், குண்டுவீச்சிலிருந்தும் பசியிலிருந்தும் காப்பாற்ற. போர் முடிந்து திரும்பினபோது பல குழந்தைகளுக்குப் பின்னிஷ் மொழி மறந்துபோயிருந்தது. பெற்ற தாயோடு பேச முடியவில்லை. அழுத பிள்ளை அங்கே விட்டுவந்த வளர்ப்புத் தாயை நினைத்து அழுதது, அதுவும் சுவீடிஷில். ஆயிரக்கணக்கானோர் திரும்பவே இல்லை. 1938 கடைசியிலிருந்து 1939 வரை நாஜிகளிடமிருந்து தப்ப பிரிட்டனுக்கு அனுப்பப்பட்ட ஏறக்குறைய 10,000 குழந்தைகளில், அவர்களில் மிகப் பெரும்பாலோர் யூதர்கள், பலர் பெற்றோரை மறுபடி பார்க்கவே இல்லை. பார்த்த சிலருக்கும் எதிரே நிற்பவர் அந்நியராகத்தான் தெரிந்தார். நான் உன்னைப் பெற்றவள், இதை எழுதும்போதே எனக்குக் கை நடுங்குகிறது. அந்தத் தாய் வேறு என்ன செய்திருக்க முடியும்? அனுப்பியதால்தான் பிள்ளை உயிரோடு இருக்கிறது, அனுப்பியதால்தான் அது அவளுடைய பிள்ளையாக இல்லை. இந்த இரண்டையும் ஒரே வீட்டுக்குள் வைத்து எழுதுகிற நாவலாசிரியரை நான் கையெடுத்துக் கும்பிடுவேன்.

1947 பிரிவினையில் இன்னும் கொடுமை. கடத்தப்பட்ட பெண்களை மீட்டுத் திருப்பி அனுப்புவோம் என்று இந்தியாவும் பாகிஸ்தானும் ஒப்பந்தம் செய்துகொண்டன, இந்தியாவில் 1949இல் அதற்குச் சட்டமே வந்தது. அந்தப் பெண் போக விரும்புகிறாளா என்று அந்தச் சட்டம் கேட்கவில்லை. இடைப்பட்ட நாளில் அவளுக்கு ஒரு குழந்தை பிறந்திருக்கும், வேறு வழியில்லாமல் ஏற்றுக்கொண்ட ஒரு வாழ்க்கை ஏற்பட்டிருக்கும், அதிலிருந்தும் பிடுங்கப்பட்டாள். பல பெண்களுக்குக் குழந்தையை விட்டுவிட்டு வர நேர்ந்தது. திரும்பி வந்தவளைச் சில வீடுகளில் உள்ளே சேர்க்கவும் இல்லை. பிரிந்தவர் கூடினர் என்று கோப்பில் எழுதி மூடியிருப்பார்கள். இப்படி ஒரு கதையைச் சந்திப்போடு முடிக்கிற நாவல் அந்தப் பெண்ணை இரண்டாவது தடவை கைவிடுகிறது என்றுதான் நான் சொல்வேன்.

அடுத்து அழுகை. ஒரே அழுகை என்று உன் தோழி சொன்னது எனக்குப் புரிகிறது. ஆனால் போர்க்காலத்தில் பிரிந்தவர்கள் அவ்வளவு பேசவே முடிந்ததில்லை தெரியுமா. இரண்டாம் உலகப் போரின்போது எதிரி நாட்டில் மாட்டிக்கொண்ட உறவினருக்குச் செஞ்சிலுவைச் சங்கம் வழியாக ஒரு படிவத்தில் செய்தி அனுப்பலாம், அதிகபட்சம் 25 சொற்கள், குடும்பச் செய்தி மட்டும், தணிக்கை உண்டு. பதிலும் அதே தாளின் பின்பக்கத்தில் அதே அளவு. போய்ச் சேரப் பல மாதம் ஆகும். 25 சொல்லில் நீ என்ன எழுதுவாய்? நலம், அப்பா நலம், கவலைப்படாதே, குளிருக்குத் துணி இருக்கிறதா. அப்பா இறந்து போயிருந்தாலும் பலர் நலம் என்றே எழுதியிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றும். நல்ல நாவலாசிரியருக்கு இந்தத் தாள் ஒன்று போதும், பத்துப் பக்க அழுகை வேண்டாம். அழுகை மிகுதி என்று நீங்கள் சொல்கிற இடங்களைத் திரும்பிப் புரட்டிப் பாருங்கள், அங்கே பாத்திரம் செய்வதற்கு ஒன்றும் இருக்காது. வரிசையில் நிற்பது, அலுவலகம் அலுவலகமாக விசாரிப்பது, பட்டியலில் பெயர் தேடுவது, வந்துவிடுவார் என்று சட்டையைத் துவைத்து மடித்து வைப்பது, காத்திருப்பவர்களின் நாள் முழுக்க வேலைதான். அதை எழுதத் தெரியாதபோதுதான் கண்ணீரைக் கொட்டுகிறார்கள்.

தேதி தப்பு, சீருடைப் பொத்தான் தப்பு என்று பார்ப்பவர்களோடு எனக்குச் சண்டையில்லை, பார்க்கட்டும், நல்லதுதான். எனக்கு அதைவிட எரிச்சல் தருவது 1942இல் வாழ்கிற பாட்டி இன்றைக்கு நீ பேசுகிற மாதிரியே பேசுவது. மகனைப் போருக்கு அனுப்புவதைப் பெருமையாக நினைத்த தாய்மார்கள் இருந்தார்கள். முந்தாநாள் அண்ணனையும் நேற்றுக் கணவனையும் போரில் இழந்தவள், இன்று போர்ப்பறை கேட்டதும் ஒரே மகனுக்குத் தலையில் எண்ணெய் தடவி, வேலைக் கையில் கொடுத்து அனுப்புகிறாள் நம் புறநானூற்றுப் பாட்டு ஒன்றில். எனக்கு அவளோடு ஒத்துப்போகவே முடியாது, ஆனால் அவளைத் திருத்தி எழுதினால் அவளை நான் புரிந்துகொள்ளவே முடியாது. அப்புறம், பேத்தி பரணில் பழைய கடிதக்கட்டு கண்டெடுத்து அங்கிருந்து கதை பின்னால் போவது, அது எனக்கு அலுத்துவிட்டது, அவ்வளவுதான்.

கடைசியாக அந்த மூன்றாவது தோழி, அடுத்தவர் துயரத்தைப் படிப்பது தப்பு என்றவள். அவள் மனசு நல்ல மனசு, அவளோடு வாதாடாதே. ஆனால் ஒன்றை அவளிடம் சொல். சயாம் பர்மா ரயில் பாதை, 415 கிலோமீட்டர், 1942லிருந்து 1943 வரை ஜப்பானியர்கள் போட்டது. அதில் இறந்த நேச நாட்டுப் போர்க் கைதிகள் 12,000க்கும் மேல், அவர்களில் ஏராளமானோருக்குத் தாய்லாந்தின் காஞ்சனபுரியிலும் மற்ற இடங்களிலும் பெயர் பொறித்த கல்லறைகள் இருக்கின்றன, குடும்பம் போய்ப் பார்க்கலாம். அதே பாதையில் மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழர்களும் பர்மியர்களும் மற்ற ஆசியத் தொழிலாளர்களும் எத்தனை பேர் செத்தார்கள் என்று யாரும் முறையாகக் கணக்கு வைக்கவில்லை, 90,000 வரை என்று மதிப்பிடுகிறார்கள், பெரும்பாலோருக்குக் கல்லறையுமில்லை, பெயருமில்லை. தோட்டத்து லயத்தில், அந்தத் தொழிலாளர் வரிசை வீடுகளில், காத்திருந்த பெண்ணுக்கு 25 சொல் தாள்கூட வரவில்லை. எந்த ஆவணக் காப்பகத்தில் போய் அவளைத் தேடுவது? அவளுக்கு ஒரு முகம், ஒரு குரல், ஒரு கோபம் கொடுக்க யாராவது ஒருவர் உட்கார்ந்து கற்பனை செய்துதான் ஆகவேண்டும். அதை நாம் படிப்பது தப்பென்று எனக்குத் தோன்றவில்லை. அவசரமாகப் படித்து, அழுது முடித்து, மறந்துவிடுவதுதான் எனக்குப் பிடிக்காது.

சரி, உனக்கு அந்த நாவல் பிடித்தது என்றால் பிடித்தது என்றே சொல், ஏன் என்றும் சொல். உனக்கு எந்த இடம் மனதில் நின்றது என்று எனக்கு இன்னும் தெரியாது, சந்திப்பா, அதற்கு முன்னாலா, அதைத் தெரிந்துகொள்ள எனக்கு ரொம்ப ஆசை. அடுத்த முறை நீங்கள் கூடும்போது, அந்த அண்ணனும் தங்கையும் மறுநாள் காலையில் என்ன பேசியிருப்பார்கள் என்று எல்லோரையும் கேட்டுப் பார். ஒருவருக்கும் பதில் தோன்றவில்லை என்றால் நாவலாசிரியர் அவர்களை நமக்குச் சரியாக அறிமுகப்படுத்தவில்லை என்று நான் சொல்வேன், நீ மறுத்துப் பேசு. புத்தகத்தை முடித்தவுடன் எனக்கு அனுப்பி வை, நீ போட்ட அடிக்கோடுகளை அழிக்காமல்.

அன்புடன்,
அம்மா