கோட்டை மாதிரி ஒரு கட்டிடம்

கடலூர்
ஞாயிறு காலை

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் நலம். போன வாரம் டூட்டிக்குக் கிளம்புகிற அவசரத்தில் ஒரு போட்டோ அனுப்பி, "தினமும் இதைத் தாண்டித்தான் ஆஸ்பத்திரிக்குப் போகிறேன், என்ன கோட்டைப்பா இது?" என்று கேட்டாய். நான் வாயைத் திறப்பதற்குள் உன் பஸ் வந்துவிட்டது. போனில் இரண்டு நிமிடத்தில் சொல்லி முடிகிற விஷயமும் இல்லை இது. அதனால்தான் கடிதம். ராத்திரி டூட்டி முடிந்து தூங்கி எழுந்த பிறகு நிதானமாகப் படி.

அது கோட்டை இல்லை. பட்டாளத்து டிப்போவின் வாசல். 'கீப்' என்று பெயர். 1879இல் கட்டியது. இங்கிலாந்தின் டார்செட் மாவட்டத்துப் பையன்கள், பண்ணையில் மாடு மேய்த்தவனும் கடையில் மூட்டை தூக்கியவனும், அந்த வாசலில் நுழைந்துதான் சிப்பாய் ஆனார்கள். அவர்களுடைய பட்டாளம் டார்செட்ஷயர் ரெஜிமெண்ட். உனக்கு அந்த மாவட்டத்து டார்செஸ்டரில் வேலை கிடைத்தது என்று சொன்ன அன்றைக்கே அந்தப் பெயர்தான் என் நினைவுக்கு வந்தது. உன் அம்மாவிடம் சொன்னேன். "பெண் அவ்வளவு தூரம் போகிறாள், உங்களுக்குப் பட்டாளம்தான் ஞாபகம் வருகிறதா" என்று கோபித்துக்கொண்டாள்.

ஞாபகம் வர இரண்டு காரணம். ஒன்று நம் ஊர்க் கடற்கரையில் இருக்கிறது. இன்னொன்று கொஹிமாவில்.

சின்ன வயதில் உன்னைத் தேவனாம்பட்டினத்துக்குக் கூட்டிக்கொண்டு போய், இங்கேதான் செயிண்ட் டேவிட் கோட்டை இருந்தது என்று காட்டியிருக்கிறேன். நீ கிளிஞ்சல் பொறுக்குவதில் குறியாக இருந்தாய். 1754இல் வாட்சன் என்ற அட்மிரலின் கப்பல்கள் அந்தக் கோட்டைக்கு வந்தன. அதில் வந்ததுதான் 39ஆம் காலாட்படை, பின்னாளில் டார்செட் பட்டாளம் ஆன படை. அதுவரை இந்த மண்ணில் இங்கிலீஷ்காரர்கள் பக்கம் சண்டை போட்டதில் பெரும்பாலும் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரன் கூலி கொடுத்து வைத்திருந்த படை. இங்கிலாந்து ராஜாவின் சொந்த ரெஜிமெண்ட் என்று இந்தியாவுக்கு முதலில் வந்தது இந்த 39தான். அதைப் பின்னாளில் லத்தீனில் 'பிரிமுஸ் இன் இந்திஸ்', அதாவது இந்தியாவில் முதலாவது என்று தொப்பி பேட்ஜிலேயே பொறித்துக்கொண்டார்கள்.

அந்தப் படைக்கு ஆட்லர்க்ரான் என்று ஒரு கர்னல். 1756இல் கல்கத்தாவை நவாப் பிடித்துவிட்டான் என்று சேதி வந்ததும் சென்னையிலிருந்து படை அனுப்ப ஏற்பாடு நடந்தது. தலைமை எனக்குத்தான் வேண்டும் என்றார் கர்னல். சென்னைக் கவுன்சில் கிளைவுக்குக் கொடுத்தது. அப்படியானால் என் ஆட்களை அனுப்ப மாட்டேன் என்று பிடிவாதம். கடைசியில் கப்பலில் காவல் வீரர்கள் என்ற கணக்கில் அந்தப் படையின் சில சிறு பிரிவுகள் மட்டும் போயின. பிளாசியில், 1757 ஜூன் 23 அன்று, நின்றது அந்தக் கொஞ்சம் பேர்தான். அவர்களில் ஒருவர் அயர் கூட் என்ற கேப்டன். பெயரைக் கேட்டதும் உனக்குப் பள்ளிப் பாடம் ஞாபகம் வர வேண்டும். 1760இல் வந்தவாசியில் பிரெஞ்சுக்காரர்களைத் தோற்கடித்தவர், 1781இல் நம் பரங்கிப்பேட்டையில் ஹைதர் அலியோடு மோதியவர், அதே கூட்தான்.

எனக்கு இதில் ஒரு வருத்தம் எப்போதும் உண்டு. கிளைவோடு பிளாசிக்குப் போனவர்களில் பாதிக்கு மேல் இந்தியச் சிப்பாய்கள். சென்னையிலிருந்து கப்பலேறிப் போனவர்களும் அதில் இருந்தார்கள். ஊர்ப் பெயர் தெரியாது, ஆள் பெயர் தெரியாது. 39க்கு 1835இல் பிளாசி என்ற பெயரைக் கொடியில் போட்டுக்கொள்ள உரிமை கொடுத்தார்கள். நவாபின் தளபதி மீர் ஜாஃபரை முன்கூட்டியே பேசி வளைத்துப்போட்டு ஜெயித்த சண்டை அது. அந்தக் கொடியில் பிளாசியைவிட எவ்வளவோ பெரிய பெயர்கள் இருக்கின்றன. அவற்றைச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் வந்தேன்.

டார்செட் என்ற பெயருக்கும் அந்தப் படைக்கும் முதலில் சம்பந்தமே கிடையாது, தெரியுமா? 1702இல் அயர்லாந்தில் ஆள் சேர்த்தது. 1782இல் கிழக்கு மிடில்செக்ஸ் என்று பெயர் வைத்தார்கள், 1807இல் அதை டார்செட்ஷயர் என்று மாற்றினார்கள். இன்னொரு படை 54ஆம் காலாட்படை, பெயர் மேற்கு நார்ஃபோக். 1881இல் இரண்டையும் ஒன்றாகச் சேர்த்து, 39ஐ முதல் பட்டாலியன், 54ஐ இரண்டாம் பட்டாலியன் ஆக்கினார்கள். அப்படிப் பிறந்ததுதான் டார்செட்ஷயர் ரெஜிமெண்ட். காகிதத்தில் கொடுத்த பெயர்தான். ஆனால் அதற்கப்புறம் ஒரு தலைமுறைக்குள் அந்த மாவட்டத்து வீடுகளில் அது சொந்தப் பெயர் ஆகிவிட்டது.

54இன் கதையில் ஒன்றை மட்டும் சொல்லிவிடுகிறேன். 1857இல் 'சாரா சாண்ட்ஸ்' என்ற கப்பலில் முந்நூற்றுச் சொச்சம் பேர் கல்கத்தாவுக்கு வந்துகொண்டிருந்தார்கள். நவம்பர் 11ஆம் தேதி நடுக்கடலில் தீப்பிடித்தது. அடித்தளத்தில் வெடிமருந்துப் பீப்பாய்கள். மாலுமிகளில் பலர் படகில் இறங்கிவிட்டார்கள். பெண்களையும் குழந்தைகளையும் படகில் இறக்கிவிட்டுச் சிப்பாய்கள் கப்பலிலேயே நின்றார்கள். புகைக்குள் இறங்கி, பீப்பாய்களை ஒவ்வொன்றாகத் தூக்கி வந்து கடலில் வீசினார்கள். எடுக்க முடியாமல் போனது வெடித்தது. அப்படியும் ராத்திரி முழுக்கத் தண்ணீர் ஊற்றித் தீயை அணைத்து, கரிக்கட்டையாகிப் போன கப்பலை மொரீஷியஸ் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டார்கள். அவர்கள் வந்தது கலகம் செய்த நம் ஆட்களை அடக்கத்தான். அது எனக்கு மறக்கவில்லை. ஆனாலும் புகைக்குள் இறங்கியவனை நினைத்தால் மனது கும்பிடுகிறது.

சரி, இப்போது ரெஜிமெண்ட் என்றால் என்ன என்று சொல்லிவிட வேண்டும். இது புரியாவிட்டால் மீதி புரியாது. வெளியில் இருப்பவர்கள் ரெஜிமெண்ட் என்றால் எல்லாரும் ஒரே இடத்தில் சேர்ந்து சண்டை போடுவார்கள் என்று நினைக்கிறார்கள். கிடையாது. ரெஜிமெண்ட் என்பது குடும்பப் பெயர், சண்டைக்குப் போவது பட்டாலியன். எங்கள் மதராஸ் ரெஜிமெண்டிலும் அப்படித்தான். பதினேழு வருஷ சர்வீஸில் வேறு பட்டாலியன்காரர்களில் நான் பழகியவர்கள் பத்துப் பதினைந்து பேர்தான் இருப்பார்கள். ஆனால் 'வீர மதராசி' என்று குரல் கேட்டால் எல்லாருக்கும் ஒரே மாதிரிதான் உடம்பு சிலிர்க்கும். டார்செட்டில் 1, 2 நிரந்தரப் பட்டாலியன்கள். ஒன்று உள்நாட்டில் இருந்தால் மற்றது வெளிநாட்டில். 3 பழைய மிலிஷியா, அதாவது உள்ளூர் காப்புப் படை. 4 என்பது ஊரில் வேலை பார்த்துக்கொண்டே பயிற்சிக்கு வருகிற டெரிடோரியல். 1914இல் போர் வந்ததும் புதிதாக 5, 6 என்று திரட்டினார்கள்.

அதனால் என்ன ஆயிற்று என்றால், 1915ஐ எடுத்துக்கொள். ஏப்ரலில் இரண்டாம் பட்டாலியன் பாஸ்ரா பக்கம் ஷைபாவில் துருக்கியரோடு சண்டையில் இருக்கிறது. மே 1 அன்று முதல் பட்டாலியன் பெல்ஜியத்தில் ஹில் 60 என்ற மேட்டில். ஆகஸ்டில் ஐந்தாம் பட்டாலியன் கலிப்போலியில் இறங்குகிறது. தந்தி வந்ததெல்லாம் ஒரே மாவட்டத்துக்கு.

அந்த ஹில் 60இல் ஜெர்மானியர்கள் விஷவாயு விட்டார்கள். சரியான முகமூடிகூடக் கிடையாது. அகழியிலும் போகிற வழியிலும் 90 பேர் செத்துப்போனார்கள். முதலுதவி நிலையத்துக்குக் கொண்டுவந்த 207 பேரில் 46 பேர் வந்த உடனே இறந்தார்கள், 12 பேர் நீண்ட அவஸ்தைக்குப் பிறகு. நீ நர்ஸ். இந்த எண்களுக்குப் பின்னால் என்ன நடந்திருக்கும் என்று என்னைவிட உனக்குத்தான் தெரியும். வாயுவுக்கு நடுவிலும் மிச்சமிருந்த நாலைந்து பேர் சுட்டுக்கொண்டே இருந்ததால்தான் அந்த மேடு அன்று கைவிட்டுப் போகவில்லை.

இரண்டாம் பட்டாலியன் கதை இன்னும் கொடுமை. பூனாவிலிருந்து மெசபடோமியா, அதாவது இன்றைய இராக், போனவர்கள். டைக்ரிஸ் ஆற்றின் ஓரமாக பாக்தாத் வரைக்கும் போய்விடலாம் என்று மேலிடத்தில் கணக்குப் போட்டார்கள். டெசிஃபோனில் அடி வாங்கிப் பின்வாங்கி, குட் என்ற ஊரில் முற்றுகையில் மாட்டிக்கொண்டார்கள். 147 நாள். குதிரையை அறுத்துத் தின்ன வேண்டி வந்தது. இந்தியச் சிப்பாய்களில் பலர் அதைத் தொட மறுத்துப் பட்டினியில் சுருண்டார்கள். 1916 ஏப்ரல் 29இல் சரணடைந்தபோது டார்செட்காரர்கள் சுமார் 350 பேர். பாலைவனத்தில் நடத்தியே கொண்டுபோனார்கள். உயிரோடு மிஞ்சியவர்கள் 70 பேர்தான்.

இனி கொஹிமா. இதை நான் கண்ணால் பார்த்தேன்.

நீ பிறப்பதற்கு முந்தின வருஷம் எங்கள் பட்டாலியன் நாகாலாந்தில் இருந்தது. திமாப்பூரிலிருந்து கான்வாயில் ஏறி வந்தோம். கொஹிமாவில் வண்டி ரிப்பேர், இரண்டு மணி நேரம் நிற்க வேண்டி வந்தது. சுபேதார் சாப் எங்களைப் போர்க் கல்லறைக்குக் கூட்டிக்கொண்டு போனார். மலைச்சரிவில் படிப்படியாக வெட்டிய இடம், புல் கத்தரித்துவிட்ட மாதிரி சீராக. கல்லறைகளுக்கு நடுவில் ஒரு தட்டில் வெள்ளைக் கோடுகள். என்னவென்று பார்த்தால் டென்னிஸ் கோர்ட். துணைக் கமிஷனர் பங்களாவின் கோர்ட். 1944 ஏப்ரல், மே மாதங்களில் ஒரு பக்கம் பிரிட்டிஷ், இந்தியப் படைகள், மறு பக்கம் ஜப்பானியர்கள். முதலில் ராயல் வெஸ்ட் கென்ட் பட்டாளமும் நம் அஸ்ஸாம் ரெஜிமெண்ட், ராஜ்புத், பஞ்சாப் ஆட்களும் அந்தக் குன்றைத் தாங்கினார்கள். ஏப்ரல் கடைசியில் டார்செட் இரண்டாம் பட்டாலியன் அந்த இடத்துக்கு வந்தது. குட்டில் அழிந்த அதே பட்டாலியன், திரும்ப உண்டாக்கியது.

நான் கோட்டோடு கோடாக நடந்து பார்த்தேன். பரேடு நடையில் நீளவாக்கில் முப்பத்தொரு காலடி. அவ்வளவுதான். நம் தெருவில் நம் வாசலிலிருந்து மாரியம்மன் கோயில் திருப்பம் வரைக்கும்கூட வராது. அந்தத் தூரத்தைக் கடக்கப் பதினைந்து நாளுக்கு மேல் ஆனது அவர்களுக்கு. பந்து போட்ட இடத்தில் கையெறி குண்டு. கடைசியில் மே 13 அன்று, புல்டோசரால் வழி வெட்டி, ஒரு டாங்கியை மேட்டிலிருந்து சறுக்கி நேராகக் கோர்ட்டுக்குள் இறக்கினார்கள். இருபது கஜத்திலிருந்து பதுங்குகுழி ஒவ்வொன்றாக அடித்தது. அதற்கப்புறம்தான் முடிந்தது. டார்செட் பெயரோடு அங்கே ஒரு நினைவுச் சின்னம் நிற்கிறது. அதே கல்லறையில், எரியூட்டிய இந்து, சீக்கிய வீரர்கள் 917 பேரின் பெயரும் பொறித்திருக்கிறது. சுபேதார் சாப் தொப்பியைக் கழற்றாமல் சல்யூட் அடித்தார், நாங்களும் அடித்தோம். யாரும் பேசவில்லை.

அந்த மே 13இலிருந்து 24 நாள் எண்ணிப் பார். ஜூன் 6. முதல் பட்டாலியன் நார்மண்டியில் கோல்டு கடற்கரையில் இறங்குகிறது. சிசிலி, இத்தாலிக்குப் பிறகு அவர்களுக்கு அது மூன்றாவது கடலிறக்கம். ஜூலையில் நான்காம், ஐந்தாம் பட்டாலியன்கள் ஹில் 112 பக்கத்தில். செப்டம்பரில் நான்காம் பட்டாலியன் முந்நூறு பேருக்கு மேல் ராத்திரியில் படகேறி, ஹாலந்தில் ஆர்ன்ஹெமில் சிக்கிய பாராசூட் வீரர்களுக்குத் துணையாக ரைன் ஆற்றைக் கடந்தது. திரும்பியவர்கள் நூறு பேர்கூட இல்லை. ஒரே வருஷம். நீ தினமும் பஸ்ஸில் தாண்டுகிற அந்த ஊரில், ஒரே தெருவில் ஒரு வீட்டுப் பிள்ளை நாகா மலையிலும் பக்கத்து வீட்டுப் பிள்ளை பிரான்ஸிலும் இருந்திருப்பான். எந்த அம்மா யாரிடம் என்ன கேட்டிருப்பாள் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

1958இல் டெவன் பட்டாளத்தோடு சேர்த்துவிட்டார்கள். 2007இல் அதுவும் 'தி ரைஃபிள்ஸ்' என்ற பெரிய ரெஜிமெண்டில் கலந்தது. டார்செட் என்ற பெயரில் தனி ரெஜிமெண்ட் இப்போது இல்லை.

லீவு நாளில் ஒரு தரம் அந்த வாசல் வரைக்கும் நடந்து போ. பஸ்ஸிலிருந்து வேண்டாம், கிட்டே நின்று இரண்டு கோபுரத்தையும் அண்ணாந்து பார்த்து எனக்கு ஒரு போட்டோ எடு. எங்காவது கொஹிமா என்று எழுதியிருந்தால் அதைத் தனியாக எடுத்து அனுப்பு. சுபேதார் சாப் இன்னும் இருக்கிறார், தூத்துக்குடிப் பக்கம் மகன் வீட்டில். அவருக்குக் காட்ட வேண்டும்.

அம்மா சுண்டைக்காய் வற்றலும் பருப்புப் பொடியும் பார்சலில் போட்டிருக்கிறாள். குளிருக்குக் காலில் சாக்ஸ் போடாமல் தூங்காதே.

அன்புடன்,
அப்பா