அஞ்சலிக்கு முன்பே நாலு வரி எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எழுத்தாளர் யாராவது காலமானால் உங்கள் பத்திரிகை அரைப்பக்கம் ஒதுக்குகிறது, படமும் போடுகிறது, சந்தோஷம். அதே ஆள் கடைசியாகக் கொண்டுவந்த புத்தகத்துக்கு 'வரப்பெற்றோம்' பகுதியில் பெயரும் விலையும்தான் வந்திருக்கும், அதுவும் வந்திருந்தால்.

எனக்கு வயது 74. நாற்பது வருடமாகச் சிறுகதை எழுதுகிறேன். போன மாதம் பதிப்பாளர் போன் செய்து, "கோடவுனில் இடமில்லை சார், மிச்சப் பிரதிகளை நீங்கள் எடுத்துக்கொள்கிறீர்களா, இல்லை எடைக்குப் போட்டுவிடட்டுமா?" என்று கேட்டார். எடுத்துக்கொண்டேன். இப்போது அவை கட்டிலுக்கு அடியில் சணல் கயிறுகூட அவிழ்க்காமல் கிடக்கின்றன, மேலே இருக்கும் புத்தகக் கட்டுக்குள் இராமபாணப் பூச்சி அட்டையை அரித்து என் பெயரில் பாதியைத் தின்றுவிட்டது (அதுவாவது ருசி பார்த்ததே!). முன்பெல்லாம் ஒரு கதை வந்தால் நாலு அஞ்சலட்டையாவது வரும், அதில் ஒன்று திட்டித்தான் இருக்கும். சாயங்காலம் டீக்கடையில் அதை வைத்துச் சண்டை போட நண்பர்கள் இருந்தார்கள். சிலர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள், மிச்சப்பேர் பிள்ளைகளோடு பெங்களூரு, சென்னை என்று போய்விட்டார்கள்.

விருது பெற்ற எழுத்தாளர்களுக்கு வீடு தரும் 'கனவு இல்லம்' திட்டத்தை அரசு 2021-ல் அறிவித்தது, நல்ல காரியம். ஆனால் நான் கேட்பது வீடு இல்லை. நான் எழுதியது தேறுமா தேறாதா, அதை யாராவது சொல்ல வேண்டும். தோற்றுவிட்டேன் என்றுதான் நினைக்கிறேன், ஆனால் அதையும் நானேதான் சொல்லிக்கொள்ள வேண்டியிருக்கிறது.

சி.சு.செல்லப்பாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1959-ல் 'எழுத்து' பத்திரிகையைத் தொடங்கியவர், புத்தகங்களைப் பையில் சுமந்து கல்லூரி கல்லூரியாகப் போய் விற்றவர். எண்பதைத் தாண்டிய வயதில், 1997-ல், 'சுதந்திர தாகம்' நாவலை மூன்று பாகமாக அவரே பதிப்பித்தார். மறு வருடம் காலமானார். அந்த நாவலுக்குச் சாகித்திய அகாதமி விருது 2001-ல் வந்தது, யார் கையில் கொடுப்பது? அவருக்கே இந்தக் கதி என்றால் என்னைப் போன்றவர்களை விடுங்கள்.

உங்கள் புத்தகப் பக்கத்தில், எழுபது தாண்டியவர்களின் புத்தகத்துக்கு மாதம் ஒருமுறை கால் பக்கம் கொடுங்கள். பாராட்ட வேண்டாம், படித்துவிட்டுக் கிழித்தே எழுதுங்கள். எழுத ஆள் இல்லையென்றால் சொல்லுங்கள், நானே சன்மானம் இல்லாமல் எழுதித் தருகிறேன், என் புத்தகத்தை மட்டும் வேறு யாரிடமாவது கொடுத்துவிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு பழைய சிறுகதைக்காரன்,
தஞ்சாவூர்