பேய்ப் பட எடிட்டர் என்றால் என்ன இப்போ?

அன்புள்ள பாப்பாவுக்கு,

போன் பண்ணினால் "அப்புறம் கூப்பிடுறேன்ப்பா" என்று பாதியிலேயே வைத்துவிடுகிறாய், அதனால்தான் எழுதுகிறேன். தூங்கி எழுந்து நிதானமாகப் படி.

வரிசையாகத் திகில் படமும் கொலைப் படமுமே பண்ணியதில் பேய்ப் பட எடிட்டர் என்று முத்திரை குத்திவிட்டார்கள், இப்போது வந்திருக்கிற குடும்பப் படத்தைச் சம்பளம் குறைவானாலும் ஒத்துக்கொண்டால் அந்தப் பேர் போகும் என்கிறாய். கதை பிடித்திருந்தால் தாராளமாகப் பண்ணு. பேர் போகணும் என்பதற்காக மட்டும் என்றால் வேண்டாம். பேய்ப் படம் மட்டம் என்று அத்தை சொல்வதையெல்லாம் காதில் போட்டுக்கொள்ளாதே, அவள் திருவிழா வாணவேடிக்கைக்கே கதவைச் சாத்திக்கொள்கிறவள்.

மன்னார்குடிப் பக்கம் டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்தபோது கேபின் ஓட்டை வழியாக நான் படத்தைவிட ஜனங்களைத்தான் அதிகம் பார்த்திருக்கிறேன். தரை டிக்கெட்டில் வேர்க்கடலை உடைக்கிற சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும், பாட்டுக்கும் நிற்காது, சண்டைக்கும் நிற்காது, ஆனால் இருட்டில் ஒருத்தி கதவைப் பார்த்து நடக்க ஆரம்பித்தால் நின்றுவிடும். பேய் வந்த பிறகு நின்றால் அது மேக்கப்காரர் சாமர்த்தியம். வருவதற்கு முன்னாலேயே நின்றால் எடிட்டர் கெட்டிக்காரர்.

எங்களுக்கு வருகிற பிரிண்ட் பல ஊர் சுற்றி, அங்கங்கே அறுந்து ஒட்டித்தான் வரும். ஒவ்வொரு ஒட்டிலும் சில பிரேம், அதாவது பிலிமில் வரிசையாக இருக்கிற தனித்தனிப் படம், போயிருக்கும். காதல் காட்சியில் போனால் ஒருத்தருக்கும் தெரியாது. கதவு திறக்கிற இடத்தில் போனால் காட்சியே செத்தது. பிலிமில் படத்துக்கு ஏறக்குறைய 20 பிரேம் தள்ளித்தான் அதற்கான சத்தம் அச்சாகியிருக்கும், ஒட்டு முதலில் லென்ஸ் பக்கம் வந்து அப்புறம்தான் சத்தம் எடுக்கிற இடத்துக்குப் போகும். அதனால் திரையில் கோர முகம் வந்துவிடும், சத்தம் மட்டும் இன்னும் முந்தைய ஷாட்டில் சுவர்க்கோழி கத்திக்கொண்டிருக்கும். மொத்தக் கொட்டகையும் சிரிக்கும். ஒரு விநாடிகூட இல்லை, விநாடிக்கு ஓடுகிற 24 பிரேமில் 20 பிரேம்தான். அந்தக் கொஞ்ச நேரத்தை வைத்துத்தானே உன் பிழைப்பே நடக்கிறது, இதில் மட்டம் என்ன இருக்கிறது?

1975-ல் வந்த ஜாஸ் படத்தை வெட்டியது வெர்னா ஃபீல்ட்ஸ் என்கிற அம்மாள். இயந்திரச் சுறா கடலில் இறக்கினால் மக்கர் பண்ணிக்கொண்டே இருந்ததாம், அதனால் ஒரு மணி நேரத்துக்கு மேல் சுறாவைச் சரியாகக் காட்டாமலேயே தண்ணீரையும் மனுஷர்கள் முகத்தையும் வைத்து ஓட்டியிருப்பார்கள். எடிட்டிங்குக்கு ஆஸ்கர் கொடுத்தார்கள். சுறாப் படத்துக்கு!

உன் கடைசிப் படத்தைக் கும்பகோணத்தில் பார்த்தேன். கிணற்றடியில் வாளி மேலே வரும்போது அந்தப் பெண் முகத்துக்கு வெட்டாமல் கயிற்றிலேயே நின்றாய் பார், பக்கத்து சீட் பையன் நோண்டிக்கொண்டிருந்த போனைத் தொடையில் கவிழ்த்து வைத்தான். அதே பையன் இடைவேளைக்கு அப்புறம் மறுபடி போனை எடுத்துவிட்டான். அஞ்சு நிமிஷத்துக்கு ஒரு தரம் டமார் டமார் என்று அடித்தால் வேறென்ன செய்வான்? டைரக்டர் கேட்டிருப்பார், தெரியும். இருந்தாலும் நாலில் இரண்டையாவது எடுத்துவிட்டு ஒரு தடவை ஓட்டிக் காட்டியிருக்கலாம்.

இங்கே தாளடி அறுத்தாச்சு. அறுப்புக்கு முன்னால் தெளித்த உளுந்து நன்றாகவே வந்திருக்கிறது. உன் அம்மா டைட்டிலில் உன் பேர் வரும்வரை கண்ணைத் திறந்து வைத்திருந்தாள், அதற்கப்புறம் முந்தானைதான்.

எந்தப் படமாக இருந்தாலும் சரி, போன தடவை மாதிரி ரிலீஸ் ஆனதும் தருகிறேன் என்று சொன்னால் நம்பாதே. மீதிப் பணம் கைக்கு வந்த பிறகு ஃபைனல் அவுட்புட்டைக் கொடு.

அன்புடன்,
அப்பா