தண்ணீரைக் கழித்துப் பார், கண்ணு

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. நீங்கள் வாங்கிய கலப்பினப் பசு நாளொன்றுக்குப் பத்து லிட்டர் கறக்கிறது என்று நீ சொன்னது முதல் அம்மாவுக்கு வேறு பேச்சே இல்லை. எந்தத் தீவனத்தில் சத்து அதிகம் என்று நீ கேட்டிருந்தாய். தொலைபேசியிலேயே ஒரு வரியில் சொல்லியிருக்கலாம். ஆனால் அப்படி ஒரு வரியில் கேட்டதை நம்பித்தான் நான் பல ஆண்டுகள் பணத்தை விட்டேன் என்பதால் நிதானமாக எழுதுகிறேன்.

தண்ணீரில் மிதந்து வளரும் பாசி போன்ற சிறு செடியான அசோலாவை வளர்க்க மாப்பிள்ளை தொட்டி கட்டப் போவதாகச் சொன்னாய். அசோலாவில் 25 விழுக்காட்டுக்கு மேல் புரதம் இருப்பது உண்மைதான். ஆனால் அது காய்ந்த அசோலாவின் கணக்கு. தொட்டியிலிருந்து அள்ளும் ஒரு கிலோவில் ஏறத்தாழ 940 கிராம் தண்ணீர். மிச்சமுள்ள 60 கிராமில் கால் பங்கு, அதாவது 15 கிராம்தான் புரதம். நல்ல கடலைப் புண்ணாக்கு ஒரு கிலோவில் 400 கிராம் அளவுக்குப் புரதம் இருக்கும். அப்படியானால் ஒரு கிலோ புண்ணாக்குக்கு ஈடாக எத்தனை கிலோ அசோலா வேண்டும் என்று நீயே வகுத்துப் பார். தொட்டியை வேண்டாம் என்று சொல்லவில்லை. அதை நம்பிப் புண்ணாக்கை நிறுத்திவிடாதே என்கிறேன். எந்தத் தீவனமானாலும் தண்ணீரைக் கழித்த பிறகு நிற்கும் உலர் எடையை வைத்தே ஒன்றோடு ஒன்றை ஒப்பிட வேண்டும்.

இந்தக் கணக்கை உன் பசுவுக்கே போடுகிறேன். 400 கிலோ எடையுள்ள கறவைக்கு உடல் எடையில் ஏறக்குறைய 3 விழுக்காடு, அதாவது தண்ணீரைக் கழித்த உலர் எடையில் 12 கிலோ தீவனம் வேண்டும். கம்பு நேப்பியர் புல் 20 கிலோ போட்டால் அதில் 4 கிலோதான் உலர் பொருள். வைக்கோல் 3 கிலோவில் இரண்டேமுக்கால் வரும். தானியம், புண்ணாக்கு, தவிடு கலந்த அடர்தீவனத்தில் உடலைப் பராமரிக்க ஒன்றரை கிலோவும், கறக்கும் ஒவ்வொரு இரண்டரை லிட்டருக்கும் ஒரு கிலோவுமாக ஐந்தரை கிலோ வைத்தால், அதிலிருந்து 5 கிலோ கிடைக்கும். மூன்றும் சேர்ந்தால் அந்த 12 கிலோ ஏறக்குறைய நிறைந்துவிடும். புல்லை 45 நாளைக்கு ஒருமுறை தவறாமல் அறுத்துவிடு. முற்றவிட்டால் கட்டு கனக்கும், தண்டு நாராகிப் புரதம் குறைந்துவிடும்.

வைக்கோல் வயிற்றை நிரப்பும், அசைபோட வைக்கும். ஆனால் அதில் புரதம் மூன்று நான்கு விழுக்காட்டுக்கு மேல் இல்லை. அதிலுள்ள ஆக்சலேட் என்னும் பொருள் சுண்ணாம்புச் சத்தையும் பிடித்து வைத்துக்கொள்ளும் என்பதால், வைக்கோலை நம்பி நிற்கும் கறவைக்குத் தாது உப்புக் கலவையை ஒரு நாளும் விடக்கூடாது.

கடையில் வாங்கும் மூட்டையின் மேல் புரதம் 20 என்றோ 22 என்றோ அச்சிட்டிருப்பார்கள். ஆய்வுக்கூடத்தில் புரதத்தை நேரடியாக அளப்பதில்லை. தீவனத்திலுள்ள நைட்ரஜனை அளந்து 6.25 ஆல் பெருக்குகிறார்கள். யூரியாவில் 46 விழுக்காடு நைட்ரஜன் இருக்கிறது. ஆகவே ஒரு பிடி யூரியா கலந்தாலும் அந்த எண் ஏறிவிடும். பெரிய மாட்டின் வயிற்று நுண்ணுயிர்கள் மாவுச்சத்தின் துணையோடு அதைப் புரதமாக்கிக்கொள்ளும், கன்றுக்குட்டிக்கோ அது நஞ்சு. ஆகவே புரதத்தோடு நிறுத்தாமல் நார்ச்சத்து எவ்வளவு, அமிலத்தில் கரையாத சாம்பல் எவ்வளவு என்பதையும் படி. அந்தச் சாம்பல் பெரும்பாலும் மண்ணும் மணலும்தான். அது கூடியிருந்தால் நாம் மண்ணுக்குக் காசு கொடுக்கிறோம் என்று பொருள்.

சத்து மிகுந்ததே மாட்டைக் கொல்லும் என்பதை நான் மிகத் தாமதமாகவே அறிந்தேன். நீ சிறுமியாக இருந்தபோது ஒரு மாட்டுப் பொங்கலன்று, ஆசையாக வளர்த்த காராம்பசுவுக்கு மீந்த பொங்கலையும் சோற்றையும் நான்தான் என் கையால் ஒரு அண்டா நிறைய வைத்தேன். மாவுச்சத்து ஒரேயடியாக உள்ளே போனதும் வயிற்றில் அமிலம் பெருகி, அசைபோடுவது நின்று, மறுநாள் மாலை அது எழுந்திருக்கவே இல்லை. நீ இரண்டு நாள் சாப்பிடாமல் அழுதாய். மருத்துவர் விளக்கிய பிறகுதான், நாம் மாட்டுக்கு மட்டும் தீனி போடவில்லை, அதன் வயிற்றில் வாழும் கோடிக்கணக்கான நுண்ணுயிர்களுக்கும் போடுகிறோம் என்பது எனக்குப் புரிந்தது. அவை புதிய தீனிக்குப் பழகப் பத்து நாளாவது ஆகும். எதை மாற்றினாலும் பழையதில் கால் பங்கைக் குறைத்துப் புதியதைக் கால் பங்காகச் சேர்த்து, படிப்படியாகவே மாற்று. பூசணம் பிடித்த புண்ணாக்கை மலிவாகக் கொடுத்தாலும் வாங்காதே; அந்த நஞ்சு பாலில் இறங்கும், அந்தப் பாலைத்தான் பேரனும் குடிக்கிறான்.

தினமும் காலையில் சாணத்தைப் பார். தானியம் முழுசாக வந்தால் அரைத்தது போதவில்லை. நீர்த்து நுரைத்திருந்தால் அடர்தீவனம் கூடி நார் குறைந்திருக்கிறது. பால் சொசைட்டியில் அளக்கும் பாலின் கொழுப்பு திடீரென இறங்கினாலும் முதலில் அதே நார்க்குறையைத்தான் சந்தேகிக்க வேண்டும்.

வரப்போரம் வேலிமசால் போடு, புரதம் மிகுந்த பசுந்தீவனச் செடி அது. அது நன்றாகத் தழைத்து வந்தபின் அடர்தீவனத்தைக் கொஞ்சம் குறைக்கலாம். அடுத்த மாதம் நீ வரும்போது விதை எடுத்து வைக்கிறேன். அதன் தோல் கடினமானது; வெந்நீரில் சில நிமிடம் ஊறவைக்காமல் விதைத்தால் பாதிகூட முளைக்காது. வரும்போது உன் தீவன மூட்டையில் தைத்திருக்கும் சீட்டைக் கிழித்து எடுத்து வா, இருவரும் உட்கார்ந்து படிப்போம்.

அன்புடன்,
அப்பா