டாலர் கணக்கைத் தாண்டிப் படிக்காதீர்கள்

ஆசிரியருக்கு,

வணக்கம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த அமெரிக்க நகர நாவல்கள் பற்றிய கட்டுரையைச் சென்ற இதழில் படித்தேன். நல்ல அறிமுகம். ஆனால் பக்கத்துக்குப் பக்கம் வரும் டாலர், சென்ட் கணக்குகள் சலிப்பூட்டுகின்றன, அவற்றைத் தாண்டிப் படிக்கலாம் என்ற யோசனையை ஏற்க முடியவில்லை. இந்த நாவல்களில் கதை நகர்வதே அந்தத் தொகைகளால்தான்.

தியடோர் டிரைசரின் 'சிஸ்டர் கேரி' (1900) நாவலையே எடுத்துக்கொள்வோம். 1889 ஆகஸ்ட்டில் 18 வயதுக் கேரி சிகாகோவுக்கு ரயிலேறும்போது பணப்பையில் இருப்பது 4 டாலர். காலணி ஆலையில் வாரக்கூலி நாலரை டாலர். அக்கா வீட்டில் சாப்பாட்டுக்கும் இருப்பிடத்துக்கும் 4 டாலர் கொடுத்துவிட வேண்டும். மிச்சம் 50 சென்ட். டிராமில் போக 5 சென்ட், வர 5 சென்ட். 6 நாள் வேலைக்கு 60 சென்ட். வேலைக்குப் போய்வருவதற்கே 10 சென்ட் குறைகிறது. பனிக்காலத்துக்கு ஒரு மேல்கோட்டு எங்கிருந்து வரும்? குளிரில் காய்ச்சல் கண்டு வேலையும் போன பிறகு, ரயிலில் அறிமுகமான விற்பனைப் பிரதிநிதி டிரூவே அவள் கையில் இரண்டு 10 டாலர் நோட்டுகளை வைக்கிறான். நாலு வாரக்கூலிக்கும் மேற்பட்ட பணம் அது. இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த வாசகர் அவளை 'வழி தவறியவள்' என்று அவ்வளவு எளிதில் சொல்லிவிட மாட்டார்.

இன்னொரு தவறும் நடக்கிறது. தொகையை இன்றைய ரூபாய்க்கு மாற்றிப் பார்க்கிறார்கள். வாடகையும் துணியும் ரொட்டியும் ஒரே வேகத்தில் விலை ஏறவில்லை. எனவே அந்த மாற்றுக்கணக்கு எதையும் சரியாகக் காட்டாது. நாவலுக்குள்ளேயே ஒரு அளவுகோலைப் பிடித்துக்கொள்ளுங்கள். இங்கே அது கேரியின் ஒரு வாரக்கூலி. கேரிமேல் ஆசைகொண்ட மதுக்கூடத்து மேலாளர் ஹர்ஸ்ட்வுட் முதலாளியின் பெட்டகத்திலிருந்து 10,000 டாலருக்கு மேல் எடுத்துக்கொண்டு ஓடுகிறார். பெரும்பகுதியைத் திருப்பி அனுப்பியபின் அவரிடம் தங்குவது 1,300 டாலர். கேரியின் பழைய கூலியில் அது ஐந்தரை ஆண்டு உழைப்பு. அதில் 1,000 டாலர் நியூயார்க்கில் ஒரு மதுக்கூடத்தின் மூன்றில் ஒரு பங்குக்குப் போய்விடுகிறது. அதன்பின் அவர் கையிருப்பு கரைவதை டிரைசர் படிப்படியாக எண்ணிக் காட்டுகிறார். முடிவில் அவர் 15 சென்ட் கொடுத்து ஒரு விடுதி அறையில் படுத்து, வாயுக்குழாயைத் திறந்துவிடுகிறார். அப்போது மேடை நடிகையாகிவிட்ட கேரியின் வாரச் சம்பளம் 150 டாலர். இந்த ஏற்றத்தையும் இறக்கத்தையும் எண்களைத் தவிர வேறு எதுவும் இவ்வளவு துல்லியமாகச் சொல்லியிருக்காது.

அப்டன் சிங்க்ளேரின் 'தி ஜங்கிள்' (1906) என்றாலே எல்லோரும் இறைச்சியைப் பற்றித்தான் பேசுகிறார்கள். அந்த நாவல் எழுப்பிய கொந்தளிப்புக்குப் பின் 1906 ஜூன் 30 அன்று இறைச்சிப் பரிசோதனைச் சட்டம் கையெழுத்தானது உண்மைதான். என் கணிப்பில் நாவலின் முதுகெலும்பு, லிதுவேனியாவிலிருந்து வந்த அந்தக் குடும்பம் வாங்கும் வீடு. விலை 1,500 டாலர், முன்பணம் 300, மீதிக்கு மாதம் 12. நூறு மாதத்தில் தீர்ந்துவிடும் என்று நம்பிக் கையெழுத்திடுகிறார்கள். ஆண்டுக்கு 7 சதவீத வட்டியை மாதாமாதம் கட்ட வேண்டும் என்று பத்திரத்தில் இருப்பது பிறகுதான் தெரிகிறது. 1,200 டாலருக்கு அது ஆண்டுக்கு 84, மாதம் 7. ஆக 12 என்று நினைத்தது 19. தலைவன் யூர்கிஸின் கூலி மணிக்கு பதினேழரை சென்ட். அந்த 7 டாலருக்கு அவன் 40 மணி நேரம் கூடுதலாக உழைக்க வேண்டும். முழுத்தொகையும் கட்டி முடியும்வரை பத்திரத்தில் அது வெறும் வாடகைதான். தவணை தவறினால் வீடும் போகும், கட்டிய பணமும் போகும். யூர்கிஸ் மணக்கவிருக்கும் ஓனாவும் சிறுவன் ஸ்டானிஸ்லோவாஸும்கூட வேலைக்குப் போவது இதனால்தான்.

ஈடித் வார்ட்டனின் 'தி ஹவுஸ் ஆஃப் மிர்த்' (1905) இதற்கு நேர் எதிர். அங்கே வரவேற்பறையில் யாரும் தொகையை வாய்விட்டுச் சொல்வதில்லை. ஆகவே வாசகர் இன்னும் விழிப்பாக இருக்க வேண்டும். நாயகி லிலி சீட்டாட்டத்தில் 300 டாலர் தோற்று அறைக்கு வந்து பையைத் திறந்தால் 20 டாலர்தான் இருக்கிறது. தன் சிறுதொகை பங்குச்சந்தையில் பெருகி வந்ததாக நம்பி அவள் தோழியின் கணவன் டிரெனரிடம் வாங்கிய பணம் உண்மையில் அவனுடையது. ஏறக்குறைய 9,000 டாலர். அத்தை விட்டுச்சென்ற 10,000 டாலர் தாமதமாக வந்து சேர்ந்த இரவிலேயே அவள் அந்தக் கடனுக்குக் காசோலை எழுதிவிடுகிறாள். இந்த இரண்டு எண்களையும் அருகருகே வைத்தால்தான் கடைசி அத்தியாயத்தின் வலி முழுதாகப் புரியும்.

மொழிபெயர்க்க முனைவோருக்கும் இரண்டு வார்த்தை. டிரூவேயை ஆங்கில மூலம் 'டிரம்மர்' என்கிறது. மேளக்காரர் என்று எழுதிவிடக் கூடாது. ஊர் ஊராகப் போய் ஆர்டர் பிடிக்கும் விற்பனைப் பிரதிநிதிக்கு அன்றைய பேச்சுவழக்குப் பெயர் அது. வார்ட்டனின் தலைப்பு பிரசங்கி 7:4 வசனத்திலிருந்து வந்தது. 'மூடரின் இருதயம் களிப்புவீட்டிலே இருக்கும்' என்று தமிழ் விவிலியத்தில் ஏற்கெனவே இருக்கிறது. 'களிப்புவீடு' என்ற அருமையான சொல் கையில் இருக்கும்போது புதிதாக ஒன்று எதற்கு?

'சிஸ்டர் கேரி' வாங்குவோர் பதிப்பைப் பார்த்து வாங்க வேண்டும். 1900-இல் வந்த வடிவத்தில் 47 அத்தியாயங்கள், ஒவ்வொன்றுக்கும் தலைப்பு உண்டு, கேரி ஆடுநாற்காலியில் அமர்ந்திருப்பதோடு முடியும். 1981-இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகப் பதிப்பகம் கையெழுத்துப்படியிலிருந்து ஏறக்குறைய 36,000 சொற்களை மீட்டு வெளியிட்டதில் 50 அத்தியாயங்கள், தலைப்புகள் இல்லை, ஹர்ஸ்ட்வுட்டின் சாவோடு முடியும். முதல் வாசிப்புக்கு 1900 வடிவமே போதும். ஆளுக்கொரு வடிவத்தைப் படித்த இருவர் முடிவைப் பற்றி வாதிட்டால் ஒருவர் சொல்வது மற்றவருக்கு விளங்காது. எனவே தங்கள் இதழின் நூல் பட்டியலில் நூலின் பெயருக்கு அருகே பதிப்பின் ஆண்டையும் சேர்த்துப் போடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
திருநெல்வேலி