கைக்குட்டை அறைக்கு இன்னும் 2,22,500 ரூபாய் வேண்டும்

அம்மன் துணை.

நம் தெருக்காரர்கள் எல்லோருக்கும், பிழைப்புக்காகச் சென்னைக்கும் திருப்பூருக்கும் துபாய்க்கும் போய்விட்டவர்களுக்கும் சேர்த்து, கைக்குட்டை அறைக் குழு எழுதிக்கொள்வது. அம்மன் கோவில் மண்டபத்தின் பக்க அறையில் நம் பழைய தறியையும், அதில் நெய்த கைக்குட்டைத் துணியின் கதையையும் எல்லோரும் பார்க்கும்படி வைக்கப் போகிறோம், அதுதான் கைக்குட்டை அறை. சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறோம், பணம் போதவில்லை. மார்கழி கடைசிக்குள் பாக்கித் தொகை சேராவிட்டால் கீழத்தெரு வீடு ஒன்றில் இருக்கும் குழித்தறியும், அந்த வீட்டுப் பரணில் இருக்கும், துணித் துண்டுகள் ஒட்டிய மூன்று சாம்பிள் புத்தகங்களும் கைவிட்டுப் போய்விடும். வீட்டை விற்றாயிற்று. தை பிறந்ததும் வாங்கியவர் இடிக்கப் போகிறார். தறி மரத்துக்கு விறகுக் கடைக்காரர் ஒருவர் வந்து விலைகூடப் பேசிவிட்டுப் போயிருக்கிறார்.

இளையவர்கள் பலருக்கு இது என்ன அறை, என்ன கைக்குட்டை என்றே தெரியாது. பெரியவர்களைக் கேட்டால் ஒரு ராத்திரி போதாது. மெட்ராஸ் கைக்குட்டை என்று பெயர், ஆனால் யாரும் மூக்குத் துடைக்க நெய்ததில்லை. சிவப்பு, கருநீலம், வெள்ளை என்று கட்டம் போட்ட துணி. அகலம் 36 அங்குலம், ஒரு பீஸ் என்றால் எட்டு கஜம். பாவு ஓட்டுவது, அதாவது நெசவுக்கான நீள இழைகளைத் தெருவில் விரித்துத் தயார் செய்வது, தெருவே கூடிச் செய்த வேலை. விடியற்காலையில் கஞ்சி போட்டு வெயில் ஏறுமுன் முடித்துவிட வேண்டும், குறுக்கே ஆடு வந்தால் அன்றைக்கு யாருக்காவது அடி நிச்சயம். ஊரில் ஒருவரும் இந்தத் துணியைக் கட்டியதில்லை. நெய்து மடித்தால் சென்னைத் துறைமுகம், அங்கிருந்து கப்பல். எங்கே போகிறது என்று கேட்டால் "நைஜீரியா" என்பார்கள், அதற்குமேல் அவர்களுக்கும் தெரியாது.

அங்கே போய் அந்தத் துணி என்ன ஆனது என்பதுதான் இந்த அறையின் பாதி.

நைஜீரியாவின் தெற்கில், நைஜர் ஆறு பல கிளையாகப் பிரிந்து கடலில் விழும் கழிமுகத்தில், சதுப்புக் காட்டுக்கும் உப்பங்கழிக்கும் நடுவே கலபாரி மக்கள் இருக்கிறார்கள். புகுமா அவர்களுடைய முக்கியமான ஊர், 1880களில் பழைய தலைநகரை விட்டு வந்து அமைத்தது. தோணியில் வணிகம் செய்து பெரிய ஆளானவர்கள். நம் துணிக்கு அவர்கள் வைத்த பெயர் இஞ்சிரி. கோதாவரிக் கரைப் பக்கம் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் துணி வாங்கிய இஞ்சரம் என்ற ஊரின் பெயரிலிருந்து அது வந்திருக்கலாம் என்று ஆராய்ச்சி செய்தவர்கள் நினைக்கிறார்கள். பக்கத்தில் இருக்கும் இக்போ மக்களோ மதராஸிலிருந்து வந்த துணிகளை ஜார்ஜ் என்கிறார்கள், நம் செயின்ட் ஜார்ஜ் கோட்டையின் பெயர் அப்படி ஒட்டிக்கொண்டது என்பார்கள். இன்றும் அங்கே கல்யாணம் என்றால் ஜார்ஜ் வேண்டும். நம் கோட்டை பெயரை நம்மைவிட அவர்கள்தான் அதிகம் சொல்கிறார்கள் போலிருக்கிறது!

கலபாரி வீட்டில் இஞ்சிரி என்பது வெறும் உடுப்பு இல்லை. பிள்ளை பெற்ற பெண்ணை வீட்டுக்குள்ளேயே வைத்து, வேலை வாங்காமல், நன்றாகச் சாப்பிடக் கொடுத்துத் தேற்றி, அப்புறம் துணியும் பவளமும் பூட்டி ஊர் நடுவே ஆட அழைத்து வருவார்கள். அதற்கு இரியா என்று பெயர். பெரியவர் யாராவது இறந்தால் வீட்டு அறைகளில் கட்டில்களை அலங்கரிப்பார்கள். குடும்பப் பெட்டியில் தலைமுறையாகச் சேர்த்த துணியை எடுத்து மடிப்பு மடிப்பாக அடுக்குவார்கள், துக்க நாள்கள் போகப் போக அலங்காரமும் மாறும். பெட்டியில் எவ்வளவு துணி இருக்கிறது என்பதுதான் அந்தக் குடும்பத்தின் கௌரவம். நம் வீட்டில் பாட்டியின் பட்டுப்புடவைப் பெட்டி மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் அங்கே பெட்டி வீட்டுக்குப் பொது.

இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று உண்டு. நம் தெருவைச் சேர்ந்த ஒருவர் நைஜீரியாவின் போர்ட் ஹார்கோர்ட் நகரில் எண்ணெய் வேலையில் இருந்தபோது வாங்கிவந்த துணி ஒன்று இப்போது குழுவிடம் இருக்கிறது. முதலில் பார்த்தால் கரையான் அரித்தது போலத் தெரியும். வெளிச்சத்தில் பிடித்தால்தான் புரியும். கட்டத்திலிருந்து வெள்ளை இழைகளை மட்டும் தூக்கி, பிளேடால் அறுத்து, உருவி எடுத்திருக்கிறார்கள். பாவில் கொஞ்சம், குறுக்கே ஓடும் ஊடையில் கொஞ்சம். மிச்சமிருப்பது சல்லடை மாதிரி மெல்லியதாகி, நாம் நெய்த கட்டம் போய் அவர்கள் நினைத்த வடிவம் வந்துவிடுகிறது. பெலெட்டே பிட்டே என்பார்கள், அறுத்த துணி என்று அர்த்தம். கலபாரிப் பெண்களின் கைவேலை. ஓர் இழை தப்பினால் போச்சு, எட்டு கஜமும் வீண். இதைப் பார்த்த நம் பெரியவர் ஒருவர் முதலில் "நெய்ததை எவளோ அறுத்து வெச்சிருக்காளே" என்று கோபப்பட்டார். ஐந்து நிமிடம் கையில் வைத்து ஓரத்தைத் தடவிக்கொண்டிருந்தவர், அப்புறம் "நெசவு தெரிஞ்சவதான் அறுக்க முடியும்" என்றார். அதோடு கண்ணாடி அலமாரி ஒன்றின் செலவு முழுவதையும் அவரே ஏற்றுக்கொண்டார்.

இனி ஒரு சங்கடமான விஷயம். கூட்டத்தில் இதற்குத்தான் பெரிய சண்டை. ஐரோப்பியக் கப்பல்கள் ஆப்பிரிக்கக் கரையில் மனிதர்களை வாங்கிய காலத்தில் விலையாகக் கொடுத்த சரக்குகளில் துணிதான் முதலிடம், அதில் இந்தியத் துணி பெரும்பங்கு. சோழமண்டலக் கரையில் நெய்த துணியும் அதில் இருந்தது. கழிமுகத்துத் துறைகளிலும் அந்த வியாபாரம் நடந்தது, கலபாரி வணிகர்களும் அதில் இருந்தார்கள், பிறகுதான் பாமாயிலுக்கு மாறினார்கள். "கோவில் மண்டபத்துக்குப் பக்கத்தில் இதை எழுதி வைக்கணுமா" என்று மூத்தவர்கள் சிலர் கேட்டார்கள். நெய்தவனுக்கு எதுவும் தெரியாது, கூலிக்கு நெய்தான் என்பது சரி. ஆனால் பெருமையை மட்டும் பலகையில் எழுதிவிட்டு இதை விட்டால் அம்மன் முன்னால் பொய் சொன்னது போல ஆகிவிடும் என்று குழு முடிவு செய்தது. ஒரு பலகை இதற்கென்றே இருக்கும். இந்தக் காரணத்துக்காகக் கொடுத்த பணத்தைத் திருப்பிக் கேட்ட ஒரு குடும்பத்துக்கு மரியாதையோடு திருப்பிக் கொடுத்துவிட்டோம்.

தறிகள் எப்படி நின்றன என்பது எல்லோருக்கும் தெரிந்த கதை. 1967 முதல் 1970 வரை நைஜீரியாவில் உள்நாட்டுப் போர், ஆர்டர் நின்றது. திரும்ப வந்தது, அப்புறம் இறக்குமதிக் கட்டுப்பாடு, அப்புறம் விசைத்தறி. சரி, விடுங்கள்.

கணக்கு இதுதான். மண்டபத்தின் பக்க அறைக்குக் கூரை ஒழுகல் அடைத்துத் தளம் போட 2,10,000. கண்ணாடி அலமாரி நான்கு, ஒன்று 38,000 வீதம் 1,52,000. தறியை வாங்கிப் பிரித்துக் கொண்டுவந்து, இழைகளைப் பிரித்துப் பிடிக்கும் பன்னையும் விழுதும் புதிதாகப் போட்டு மறுபடி ஓடவிட 85,000. பழைய துணி பூச்சி அரிக்காமல் வைக்க 48,000. பலகைகளும் படங்களும் 95,000. வயரிங், பெயின்ட் 50,000. மொத்தம் 6,40,000. வந்தது 4,17,500. பூச்சிக்கு 48,000மா என்று கேட்காதீர்கள், சாம்பிள் புத்தகம் ஒன்றின் முதல் ஆறு பக்கம் செல்லரித்திருப்பதை வந்து பாருங்கள்.

கொடுத்தவர்களுக்கு எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. பெயர் போட வேண்டாம் என்று சொல்லி 50,000 கொடுத்த டீச்சரம்மா, பென்ஷன் பணம் அது. மேலத்தெருப் பாவுப் பட்டறைக் குடும்பத்து அண்ணன் தம்பி நான்கு பேரும் சொத்து வழக்கில் ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லை, ஆனால் தனித்தனியாக வந்து தலா 15,000 கொடுத்தார்கள். சிங்கப்பூரில் இருக்கும் பேத்திகள் தாத்தா பெயரில் அனுப்பினார்கள். நெசவுக்கு ஊடை நூலைத் தார் சுற்றிக் கொடுத்துப் பிழைத்த பாட்டி சுருக்குப் பையிலிருந்து எண்ணி 340 ரூபாய் கொடுத்தார், ரசீது வேண்டாம் என்றார், நாங்கள் வற்புறுத்திக் கொடுத்தோம். தச்சு ஆசாரி தறியைப் பார்த்துக் கூலி வேண்டாம் என்றுவிட்டார். டீக்கடைக்காரர் ஒவ்வொரு கூட்டத்துக்கும் டீ கொடுத்துவிட்டு இன்னும் கணக்கே சொல்லவில்லை. எல்லோரையும் அம்மன் வைத்துக் காப்பாற்றட்டும்.

சொல்லக் கஷ்டமாகத்தான் இருக்கிறது. வாட்ஸ்ஆப் குழுவில் 212 பேர் இருக்கிறோம், கொடுத்தது 61 பேர். போன ஆடித் திருவிழாவில் வாணவேடிக்கைக்கு மூன்றே நாளில் மூன்று லட்சம் சேர்ந்தது, கால் மணி நேரத்தில் புகையாகவும் போனது. இந்த வேண்டுகோளுக்குக் கும்பிடு போடும் படம் மட்டும் அனுப்பியவர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது, படத்தை வைத்துக் கூரை போட முடியாது. உங்களில் பாதிப்பேர் படித்தது இந்தக் கைக்குட்டைக் கூலியில்தான்.

"நம் தறிக்கு அறை வையுங்கள், ஆப்பிரிக்காக்காரர் கதை எதற்கு" என்று ஒரு தம்பி கேட்டிருந்தார். தம்பி, அந்தத் துணியை நாம் வைத்துக்கொள்ளவில்லை. சாம்பிளுக்கு ஒட்டிய உள்ளங்கை அகலத் துண்டுதான் நம்மிடம் மிச்சம். கட்டி, ஆடி, அறுத்து, பெட்டியில் பத்திரமாக வைத்தவர்கள் அவர்கள். அவர்களை விட்டுவிட்டால் அறையில் காட்ட ஒரு தறியும் கொஞ்சம் ஒட்டுத்துணியும்தான் இருக்கும்.

பணம் கோவில் கணக்கில் மட்டும் போட வேண்டும், தனி ஆள் யாரிடமும் கொடுக்காதீர்கள். எண் மண்டப அறிவிப்புப் பலகையில் இருக்கிறது, வெளியூர்க்காரர்கள் குழுவில் கேட்டால் அனுப்புவோம். செவ்வாய், வெள்ளி மாலை பூஜை முடிந்ததும் பொருளாளர் ரசீதுப் புத்தகத்தோடு மண்டபத்தில் இருப்பார். பணம் முடியாதவர்கள் பரணில் ஒருமுறை தேடிப் பாருங்கள். பழைய துண்டு, கூலிச் சிட்டை, கப்பல் முத்திரை போட்ட சாக்கு, எது கிடைத்தாலும் கொண்டுவாருங்கள். துவைக்க வேண்டாம், சாயம் போய்விடும்.